நானாகச் சேர்த்த ஒரு வரி

பதினேழாவது வயதிலிருந்து நாட்குறிப்பு எழுதி வருகிறேன். காய்ச்சலில் கிடந்த நாட்களில்கூட விட்டதில்லை. விழித்த நேரம், மழை உண்டா இல்லையா, முசரவாக்கம் ஏரியில் தண்ணீர் எவ்வளவு, யார் வந்தார்கள், என்னென்ன பத்திரம் எழுதினேன், சாப்பாட்டில் ஏதாவது விசேஷம் உண்டா. இவ்வளவுதான் இருக்கும். மனசில் பட்டதை எழுதுவது எனக்கு வழக்கமில்லை. நோட்டுகளை வரிசையாக அடுக்கி, ஒவ்வொன்றின் முதுகிலும் வருஷத்தின் பெயரை ஒட்டி வைத்திருக்கிறேன். எந்த நாளைக் கேட்டாலும் இரண்டு நிமிஷத்தில் எடுத்துவிடுவேன். அது எனக்கு ஒரு பெருமையாகவே இருந்தது.

பத்திரம் எழுதுவதுதான் என் தொழில். முதலில் ரிஜிஸ்திரார் ஆபீசுக்கு எதிரே பலகை போட்டு எழுதினேன். பிறகு ஒரு வக்கீலுக்குக் குமாஸ்தா ஆனேன். என் கையெழுத்து ஒரே அளவாக, வரி கோணாமல் இருக்கும். சின்ன காஞ்சிபுரத்தில் அதற்கு ஒரு பெயர் உண்டு.

அப்பாவுக்கு முசரவாக்கத்தில் ஐந்து காணி நிலம் இருந்தது. பாகப்பிரிவினையில் நிலம் அண்ணாவுக்குப் போயிற்று, வீடு எனக்கு வந்தது. அந்த நிலத்தில் ஒரு படியாள் குடும்பம் பாடுபட்டு வந்தது. புருஷன், பெண்சாதி, பிற்பாடு பிறந்த ஒரு மகள். கூலி நாளுக்கு இத்தனை படி நெல் என்று கணக்கு. பணமாகக் கிடையாது. எங்கள் வீட்டில் அவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. ‘நம்மாள் வைக்கோல் கொண்டுவந்திருக்கான்’, ‘நம்மாளை விறகு பிளக்கச் சொல்லு’ என்றுதான் பேச்சு. நம்மாள் என்பது பிரியத்தினால் வந்த வார்த்தை என்று நாற்பத்து நாலு வயது வரைக்கும் நினைத்திருந்தேன்.

புருஷன் செத்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. ஒரு மார்கழி மாதக் காலையில் அந்தப் பெண்சாதி எங்கள் வீட்டுக் கொல்லைக் கதவுக்கு வெளியே வந்து நின்றாள். அந்த ஜனங்கள் எங்கள் தெருவுக்குள் வருவதில்லை, விடுவதும் இல்லை. வேலை எல்லாம் கொல்லைச் சந்தோடு சரி. நிலம் அண்ணாவுடையது, ஆகையால் அண்ணா வீட்டுக் கொல்லைக்குப் போகாமல் என் வீட்டுக்கு ஏன் வந்தாள் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. “காயிதம் எளுதற சாமி நீங்கதானே” என்றாள்.

அவள் சொன்னது இது. மகளுக்கு இருபது வயது. பட்டணத்தில் நூல் மில்லில் வேலை செய்கிற பையன் ஒருவன் கேட்டிருக்கிறான். பெண்ணைப் பிடித்துவிட்டது, வேறு எதுவும் வேண்டாம் என்கிறார்கள். ஆனால் முசரவாக்கத்துச் சீட்டு தீர்ந்த பிறகுதான் தாலி என்கிறார்கள். அவர்கள் உறவில் ஒருத்திக்குக் கலியாணமான நாலாம் மாதம், சீட்டைக் காட்டிப் பெண்ணை மில் வாசலிலிருந்து இழுத்துக்கொண்டு போனார்களாம். மாசி பிறப்பதற்குள் சீட்டு கைக்கு வந்தால் உண்டு. இல்லாவிட்டால் பையனுக்கு வேறு இடம் பார்ப்பார்கள்.

அந்தச் சீட்டு, அவள் புருஷன் தன் கலியாணத்துக்காக என் அப்பாவிடம் முப்பது ரூபாய் வாங்கியபோது எழுதிக் கொடுத்தது. இத்தனை வருஷம் பாடுபட்டதெல்லாம் வட்டிக்குச் சரியாகப் போயிற்று. முதல் அப்படியே நின்றது. இந்த ஏற்பாடு எனக்குத் தெரியாததல்ல. சுற்றுவட்டத்தில் எல்லா மிராசுகளிலும் நடப்பதுதான்.

நான் அவளுக்குத் தைரியம் சொன்னேன். கடன் வாங்கியவன் போய்விட்டான், அன்றைக்குப் பிறக்காத பெண் அந்தச் சீட்டில் எப்படி வருவாள், அப்படி யாரும் எழுதமாட்டார்கள் என்றேன். எழுதினாலும் கோர்ட்டில் அது காலணா பெறாது என்றேன்.

“பொண்ணும் அதுல இருக்குதுன்னு சொல்றாங்களே சாமி.”

“யாரோ பயமுறுத்துகிறார்கள்.”

“கோர்ட்டு முசரவாக்கத்துக்கு வராது சாமி. சீட்டுதான் வரும்” என்றாள்.

அன்று மத்தியானமே அண்ணா வீட்டுக்குப் போனேன். நாலு வீடு தள்ளி, அதே வரிசை. தை மாதம் அண்ணாவின் பெண்ணுக்குக் கலியாணம். கூடத்தில் வெள்ளை வேஷ்டியை விரித்து, பிள்ளையார்பாளையத்திலிருந்து வந்த நெசவாளி கூறைப்புடவையை மடிப்பு மடிப்பாக விரித்துக் காட்டிக்கொண்டிருந்தான். அரக்கு உடல், பச்சைக் கரை. மன்னி ஜரிகையைக் கண்ணுக்குக் கிட்டத்தில் பிடித்துப் பார்த்தாள். நான் விஷயத்தைச் சொன்னேன்.

சீட்டு தன்னிடம் இல்லை என்றார் அண்ணா. கலியாணச் செலவுக்காக ஐப்பசியில் நிலத்தை முசரவாக்கத்து விவசாயி ஒருவருக்கு விற்றிருந்தார்; அது எனக்கு அன்றுதான் தெரிந்தது. அந்தக் கிரயப் பத்திரம் எழுதிய சமயத்தில் நான் ஒரு வழக்கு விஷயமாகச் செங்கல்பட்டில் இருந்தேன். வேறு ஒருவர் எழுதினார். நிலத்தோடு ஏர், ஏற்றம், இரண்டு மாடு, இந்தச் சீட்டு எல்லாம் போய்விட்டதாம். இதைச் சொல்லும்போது அண்ணாவின் கண் புடவையின் மேலேயே இருந்தது.

பெண்ணின் பெயர் சீட்டில் இருக்க நியாயமில்லை என்று நான் சொன்னேன். அண்ணா சிரித்தார்.

“பேர் எப்படிடா இருக்கும், அவ பொறக்கவே இல்லையே. புத்திர பௌத்திர பாரம்பரியமாய்னு இருக்கு. அது போறாதா?”

“அப்பா அப்படிச் சொல்லியிருக்க மாட்டார்.”

“அப்பா எங்கே சொன்னார்? ‘நானும் என் பெண்சாதியும்’னு எழுதச் சொல்லி நிறுத்திட்டார். அது உன் கைவரிசைன்னோ. நீதானேடா எழுதினே. அப்பா அதை எடுத்துண்டு போய் மாட வீதி பூராக் காட்டினாரே, எங்காத்துப் பிள்ளை எப்படிப் பத்திரம் எழுதறான் பாருங்கோன்னு. மறந்துட்டியா?”

எனக்கு ஞாபகம் இல்லை. அண்ணா கேலிக்காகச் சொல்கிறார் என்று நினைத்தேன். அவர் மடமடவென்று அந்த வாசகத்தை முழுக்கச் சொன்னார், நான் வாசகம் அமைக்கிற தோரணையிலேயே.

நெசவாளி புடவையை மடித்துக்கொண்டே பேசினான். “எனக்கும் ஒண்ணு இருக்குதுங்க சாமி, மொதலாளிகிட்ட. தறி மேல வாங்கினது. அதுல எம் பேரப்பசங்க இருக்காங்களா இல்லையான்னு ஒரு நாளு வந்து பாத்துச் சொல்லுங்க. கல்யாணத்துக்குக் கூப்பிடணுமில்ல.” மன்னியும் அண்ணாவும் சிரித்தார்கள்.

வீட்டுக்கு வந்து நோட்டுகளை எடுத்தேன். இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை. இருபத்தாறு வருஷத்துக்கு முந்தைய நோட்டு, ஆனி மாதம். நான் எழுதியிருந்தது முழுவதையும் இங்கே தருகிறேன்:

‘ஐந்து மணிக்கு விழித்தேன். மழை இல்லை. ஏரியில் கால்பாகம். அப்பாவுக்காக ஒரு ஆள் சீட்டு எழுதினேன். மசி ஒரு பொட்டுகூடச் சிந்தவில்லை. கடைசியில் நானாக ஒரு வரி சேர்த்தேன். அப்பா மெச்சி இரண்டு புது நிப் வாங்கிக் கொடுத்தார். மாம்பழம் புளிப்பு.’

இதைப் பல தடவை படித்தேன். அந்த மனிதன் அன்றைக்கு எங்கள் கொல்லையில் நின்றிருக்க வேண்டும். பெருவிரலில் மசி தடவி ரேகை வைத்திருக்க வேண்டும். மசிக்கூட்டை நீட்டியவன் நானாகத்தான் இருப்பேன். அவன் என் குறிப்பில் இல்லை. மாம்பழம் இருக்கிறது.

மேலும் புரட்டினேன். அடுத்த மூன்று மாதத்துக்குள் ‘அதே மாதிரி ஒன்று’ என்று ஐந்து இடத்தில் இருந்தது. அப்பா காட்டியதைப் பார்த்து மற்றவர்களும் என்னிடம் கேட்டு எழுதி வாங்கியிருக்கிறார்கள். யாருக்காக எழுதினேன், யார் மேல் எழுதினேன் என்று ஒரு இடத்திலும் குறிக்கவில்லை. எதையும் விடாமல் குறிப்பவன் என்று என்னைப் பற்றி நான் நினைத்திருந்தேன்.

அந்த வரி எங்கிருந்து வந்தது என்பது மட்டும் தெரிந்தது. எழுதப் பழகிய காலத்தில் பழைய நிலக் கிரயங்களை எடுத்துப் பார்த்து எழுதுவேன். நிலத்தை வாங்குகிறவர் அதைப் புத்திர பௌத்திர பாரம்பரியமாய் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது என்று ஒவ்வொரு பத்திரமும் முடியும். சொல்லிப் பார்த்தால் மேளம் போல ஒலிக்கும். அது இல்லாத பத்திரம் எனக்கு முண்டமாகத் தோன்றியது. அப்பா சொன்னபடி ‘முதல் தீரும் வரைக்கும் நானும் என் பெண்சாதியும் தங்களிடத்தில் ஊழியம் செய்து வருவோமாகவும்’ என்று எழுதி முடித்தபோது, காகிதத்தின் அடியில் ஒரு வரிக்கு இடம் மிஞ்சியிருக்கும். ‘எங்களுக்குப் பின் புத்திர பௌத்திர பாரம்பரியமாய்த் தங்களிடத்தில் ஊழியம் செய்து வரக் கடவது’ என்று நான் அதை அழகாக நிரப்பியிருக்கிறேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எங்கள் ஜனங்கள் வாய்க்கு வாய் ‘அடியேன்’ என்பார்கள். வீட்டுக்கு வந்தவரிடம் அடியேன், கோயிலில் தீர்த்தம் வாங்கும்போது அடியேன். தலைமுறை தலைமுறையாகப் பெருமாளுக்கு அடிமை என்று சொல்லிக்கொள்வதைவிட எங்களுக்குக் கௌரவம் வேறில்லை. அந்த வீட்டில் வளர்ந்த பதினெட்டு வயதுப் பையனுக்குத் தலைமுறை தலைமுறையாக ஊழியம் என்பது நல்ல வார்த்தையாகத்தான் பட்டிருக்கும். அன்று சாயங்காலம் கோயிலுக்குப் போனேன். தீர்த்தத்துக்குக் கையை நீட்டினேன். அந்த வார்த்தை வாயில் வரவில்லை. அர்ச்சகர் ஒரு கணம் என்னைப் பார்த்துவிட்டு அடுத்தவரிடம் போனார்.

மறுநாள் காலை பிள்ளையார்பாளையம் போனேன். அந்த நெசவாளி வேடிக்கைக்குச் சொன்னதை நான் நிஜமாக எடுத்துக்கொண்டு வருவேன் என்று அவன் எதிர்பார்க்கவில்லை. தறிக்குழியில் உட்கார்ந்திருந்தவன் கையிலிருந்த, ஊடைநூல் ஓட்டுகிற நாடாவைப் பாவு நூலின் மேல் வைத்துவிட்டு, மேலே தொங்கிய மூங்கில் குழாயிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்துக் கொடுத்தான். மூலம் முதலாளியிடம் இருந்தது. இது நகல். எழுத்து என்னுடையது இல்லை, நான் பார்த்தே இராத ஒரு கை. வாசகம் என்னுடையது. ‘தங்களிடத்தில் ஊழியம்’ என்பதற்குப் பதில் ‘தங்கள் தறியில் நெசவு’ என்று இருந்தது. மற்றபடி எழுத்துக்கு எழுத்து அதே வரி.

“இருக்குதுங்களா?” என்றான்.

இருக்கிறது என்றேன்.

“அப்ப தறியக் கரையான் அரிக்காம பாத்துக்கணும். பசங்களுக்கு ஆவணும்ல” என்று சொல்லி நாடாவைத் திரும்ப எடுத்தான். என்னைக் கேலி செய்தானா, தன்னையா, இன்று வரை எனக்குத் தெரியவில்லை.

அங்கிருந்து நேராக முசரவாக்கத்துக்கு வண்டி பிடித்தேன். நிலத்தை வாங்கிய விவசாயி களத்தில் இருந்தார். மரியாதையான மனிதர். கயிற்றுக் கட்டிலில் துண்டை விரித்து உட்காரச் சொன்னார். சீட்டை எனக்குக் கொடுத்துவிட வேண்டும் என்று கேட்டேன். நியாயத்தை எடுத்துச் சொன்னேன். சட்டத்தையும் சொன்னேன். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார்.

“நான் தனியா கேட்டு வாங்கல சாமி. நெலத்தோட வந்துது. ஆனா இந்த எளுத்தப் பாத்துத்தான் நம்பி வாங்கினேன். இந்தக் கை எளுதினா ஓட்டை இருக்காதுன்னு ஊரே சொல்லும். இப்ப நீங்களே வந்து இது செல்லாதுன்னா எப்படி?”

சும்மா கொடுத்தால் மற்ற ஆட்களும் வாசலில் வந்து நிற்பார்கள் என்றார். முதல் பணத்தைக் கொடுத்தால் சீட்டை என் பெயருக்கு மேடோவர் செய்து தருவதாகவும், பிறகு நான் அதை வைத்துக்கொள்வதும் விடுவதும் என் இஷ்டம் என்றும் சொன்னார். கடன் பத்திரத்தை ஒருவர் மற்றொருவருக்கு மாற்றிக் கொடுக்கிற அந்த மேடோவர் வாசகத்தை நான் எத்தனையோ தடவை எழுதியிருக்கிறேன். அதையும் நானே எழுதிவிட வேண்டும் என்றார். “உங்களுக்கு மேல எவன் எளுதப்போறான்?”

பணம் கொண்டுபோயிருந்தேன். கொடுத்தேன். அவர் பெட்டியைத் திறந்து சீட்டை எடுத்து வந்தார். மடிப்பில் மட்டும் பழுப்பேறியிருந்தது. எழுத்து நேற்று எழுதியது போல் இருந்தது. உண்மையாகவே ஒரு பொட்டு மசி இல்லை. அடியில் அந்த மனிதனின் பெருவிரல் ரேகை. அவனுடைய முகம் எனக்கு ஞாபகத்தில் இல்லை. விரலின் ரேகைகளை எண்ணலாம் போலத் தெளிவாக இருந்தது.

காகிதத்தின் பின்பக்கத்தில் மேடோவர் எழுதி, அவர் கையெழுத்தை வாங்கிக்கொண்டேன். களத்திலிருந்து சேரிக்கு நாலு வரப்பு தூரம். அந்த நாலு வரப்பு நடக்கிற வரைக்கும், காகிதத்தின்படி, அந்தப் பெண்ணுக்கும் அவள் பெறப்போகிற பிள்ளைகளுக்கும் நான் உடையவன். இது வரப்பின் நடுவில்தான் எனக்கு உறைத்தது. அங்கேயே நின்றுவிட்டேன். வயலில் களை பறித்துக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். சேரிப்பக்கம் போகிற ஐயங்காரை அவர்கள் பார்த்திருக்க மாட்டார்கள். என் ஆயுளில் நானும் போனதில்லை.

தாயும் மகளும் குடிசை வாசலில் இருந்தார்கள். உட்கார்ந்து முறத்தில் எதையோ புடைத்துக்கொண்டிருந்த மகள் எழுந்து நின்றாள். என்னை உட்காரச் சொல்ல அவர்களுக்கு வழக்கமில்லை. அங்கே உட்கார எனக்கும் வழக்கமில்லை. நின்றபடியே சீட்டைக் காட்டினேன். தாய் வாங்கிக்கொள்ளவில்லை.

“படிச்சுக் காட்டு சாமி. இத்தினி வருசமா அதுல இன்னா எளுதியிருக்குதுன்னு யாரும் எங்களுக்குப் படிக்கல.”

இப்போது அதற்குத் தேவையில்லை, எல்லாம் முடிந்துவிட்டது என்றேன். “படி சாமி” என்றாள். நான் படித்தேன். தேதி, ஊர், அப்பாவின் பெயர், அவள் புருஷனின் பெயர், முப்பது ரூபாய், வட்டிக்கு ஈடாக உழைப்பு. கடைசியில் அந்த வரி. புத்திர பௌத்திர பாரம்பரியமாய் என்றால் என்ன என்று கேட்டாள். பிள்ளை, பிள்ளைக்குப் பிள்ளை, அப்படியே மேலும் மேலும் என்று சொன்னேன்.

“எங்க ஊட்டுக்காரரு அத்தச் சொன்னாரா?”

“இல்லை.”

“பெரிய சாமி சொன்னாரா?”

“இல்லை.”

“அப்ப யாரு?”

“நான்தான் சேர்த்தேன்.”

அவள் கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். அவள் நிஜமாகவே புரியாமல் கேட்டாள். “எதுக்கு சாமி?”

பொய் சொல்ல எவ்வளவோ இருந்தது. அந்தக் காலத்து வழக்கம் என்றிருக்கலாம். சட்டத்துக்குத் தேவை என்றிருக்கலாம். என் வாயில் உண்மைதான் வந்தது. “நன்றாக இருக்கும் என்று.”

அவள் மகளின் பக்கம் திரும்பினாள். “நல்லா இருக்குமுன்னு போட்டாராம்டி” என்றாள்.

மகள் முறத்தைக் கீழே வைத்தாள்.

நான் காகிதத்தைக் கிழிக்கப் போனேன். தாய் சட்டென்று கையை நீட்டித் தடுத்தாள். என் கையைத் தொடாமல் ஒரு ஜாண் தூரத்தில் நிறுத்தினாள். கிழித்துவிட்டால் பட்டணத்துக்காரர்கள் நம்பமாட்டார்கள், சீட்டு தீர்ந்தது என்று சீட்டிலேயே எழுதித் தர வேண்டும் என்றாள். ஆனால் முதலில் அந்த வரியை அடிக்கச் சொன்னாள். எந்த வரி என்று கேட்டு, குனிந்து, நான் விரல் வைத்த இடத்தைப் பார்த்துக்கொண்டாள்.

சட்டைப் பையில் பேனா இருந்தது. குனிந்து, மடக்கிய முழங்காலின் மேல் காகிதத்தை வைத்து அடித்தேன்.

“இன்னம் தெரியுது சாமி.”

மறுபடி அடித்தேன். படிக்கத் தெரியாதவள் ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்து, இங்கே தெரிகிறது, அங்கே தெரிகிறது என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். நாலாவது தடவையில் நிப் காகிதத்தைக் கிழித்துக்கொண்டு போயிற்று. மசி கசிந்து ரேகையின் ஓரம் வரைக்கும் பரவியது. அப்போதுதான் போதும் என்றாள்.

“இப்ப கீள நல்ல எளுத்தா எளுது சாமி. அங்க படிச்சவங்க இருக்காங்க.”

முதல் தீர்ந்தது, இந்தச் சீட்டு செல்லாது, இவர்கள் மேல் யாருக்கும் எந்தப் பாத்தியதையும் இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். எழுத்து நன்றாக வரவில்லை. வரி ஏறி இறங்கிக் கோணலாகப் போயிற்று. அவளுக்கு அது தெரிந்ததா என்று தெரியவில்லை.

மகள் காகிதத்தை வாங்கிக்கொண்டாள். தலைகீழாகப் பிடித்திருந்தாள். மசி காயும் வரைக்கும் அப்படியே வெயிலில் காட்டி நின்றாள். பிறகு தன் அப்பாவின் ரேகை மடிப்பில் விழாதபடி பார்த்து நாலாக மடித்து, முந்தானையில் முடிந்துகொண்டு, உட்கார்ந்து முறத்தை எடுத்து மறுபடியும் புடைக்கத் தொடங்கினாள். நான் அங்கே இன்னும் நின்றுகொண்டிருந்தேன். உமி என் பக்கம் பறந்தது. அதற்காக அவள் வேறு பக்கம் திரும்பி உட்காரவில்லை.